தண்டவாள முக்கோணமும் வாலாஜாபாத் நிலையமும்

சென்னையிலிருந்து மேற்கே திருவள்ளூர் வழியாக அரக்கோணம் வரை ஓர் இருப்புப்பாதை செல்கிறது. தெற்கே தாம்பரம் வழியாகச் செங்கல்பட்டு வரை மற்றொன்று செல்கிறது. இவ்விரு பாதைகளின் முனைகளையும் காஞ்சிபுரம், வாலாஜாபாத் ஊர்களின் வழியே அறுபது கிலோமீட்டருக்குச் சற்றே கூடுதலான மூன்றாவது பாதையொன்று இணைக்கிறது. இம்மூன்றும் சேர்ந்து அமைக்கும் பெரிய முக்கோணத்தின் வயிற்றுப்பகுதியில்தான் ஸ்ரீபெரும்புதூர், இருங்காட்டுக்கோட்டை, சுங்குவார்சத்திரம், வல்லம் வடகால், ஒரகடம் ஆகிய ஊர்கள் உள்ளன. கார், லாரி, மோட்டார் சைக்கிள், டயர், கண்ணாடி, கைபேசி என நாட்டின் பெரும் உற்பத்தி மண்டலங்களுள் ஒன்றாக இப்பகுதி கடந்த கால் நூற்றாண்டில் உருவெடுத்திருக்கிறது. ஆனால் மூன்று பக்கமும் ரயில் ஓடும் இந்த முக்கோணத்தின் உள்ளே, பயணிகள் ஏறி இறங்க ஒரு ரயில் நிலையம்கூட இல்லை. மேற்குப் பக்கத்திலிருந்து இந்த மண்டலத்துக்கு வாயிலாக அமைந்திருப்பது வாலாஜாபாத் நிலையம். வண்டலூரிலிருந்து ஒரகடம் வழியாக வரும் மாநில நெடுஞ்சாலை முடிவது அந்த ஊரில்தான். ஒரகடத்துக்கும் அதற்கும் இடையே ஏறத்தாழ இருபது கிலோமீட்டர் தொலைவு.

வாலாஜாபாத் பாலாற்றின் வடகரையில், காஞ்சிபுரத்துக்குக் கிழக்கே அமைந்த சிற்றூர். ஆர்க்காட்டு நவாப் முகம்மது அலி வாலாஜாவின் பெயரைத் தாங்கிய இவ்வூரில் பதினெட்டாம் நூற்றாண்டின் பிற்பகுதியில் கிழக்கிந்தியக் கம்பெனி தன் படைக்கு ஒரு பாளையம், அதாவது படைவீரர் நிரந்தரமாகத் தங்கும் குடியிருப்பு, அமைத்தது. இடம் உடல்நலத்துக்கு ஒவ்வாதது எனக் கருதப்பட்டதால் ஐரோப்பியப் படைகள் படிப்படியாக விலக்கிக்கொள்ளப்பட்டன. முதிர்ந்த இந்தியச் சிப்பாய்களின் பிரிவொன்று மட்டும் சில காலம் அங்கே இருந்தது. இதே நவாபின் பெயரால் ராணிப்பேட்டைப் பக்கத்தில் வாலாஜா ரோடு என்றொரு நிலையமும் உண்டு. 1856 ஜூலை 1 அன்று ராயபுரத்திலிருந்து புறப்பட்டுத் தென்னிந்தியாவின் ரயில் வரலாற்றைத் தொடங்கி வைத்த பாதை சென்று சேர்ந்தது அந்த வாலாஜாவைத்தான், இந்த வாலாஜாபாத்தை அல்ல. பழைய ஆவணங்களைப் படிப்பவர் இவ்விரண்டையும் குழப்பிக்கொள்வது இன்றும் நடக்கிறது.

முக்கோணத்தின் மேற்குப் பக்கத்துக்கு ஒரு தனிப்பட்ட பிறப்பு வரலாறு இருக்கிறது. பத்தொன்பதாம் நூற்றாண்டின் நடுவில் இந்தியாவில் ரயில் அமைத்த பெரிய கம்பெனிகள் உத்தரவாத முறையில் இயங்கின. லண்டனில் பங்கு வாங்கியவர்களுக்கு ஆண்டுக்கு 5 சதவீத வட்டியை அரசே உறுதி செய்தது; ரயில் ஓடி லாபம் வராவிட்டால், குறைந்த தொகையை இந்திய மக்களின் வரிப்பணம் ஈடுகட்டியது. செலவுக்குக் கடிவாளமே இல்லாத இந்த ஏற்பாட்டின் மீது அன்றே கடும் கண்டனம் எழுந்தது. அதற்கு மாற்றாக, உத்தரவாதம் இல்லாமல் சிறு மானியத்தை மட்டும் பெற்றுக்கொண்டு, அகலம் குறைந்த மலிவான கிளைப்பாதைகளை அமைக்கலாம் என முன்வந்த கம்பெனிகளுள் ஒன்று இந்தியன் டிராம்வே கம்பெனி. பெயரில் டிராம் இருந்தாலும் அது அமைத்தது நீராவி எஞ்சின் இழுக்கும் முறையான ரயில்பாதையே. அரக்கோணத்திலிருந்து காஞ்சிபுரம் வரை, 19 மைல் நீளத்துக்கு, அந்தப் பாதை 1865இல் திறக்கப்பட்டது.

கேஜ் எனப்படுவது இரு தண்டவாளங்களுக்கும் இடையே உள்ள உள்ளகலம். சென்னையிலிருந்து அரக்கோணம் வந்த மெட்ராஸ் ரயில்வேயின் பாதை ஐந்தடி ஆறங்குல அகலம் கொண்டது. இன்று அகலப்பாதை என வழங்கும் 1,676 மில்லிமீட்டர் அளவு அதுவே. காஞ்சிபுரம் பாதையோ மூன்றடி ஆறங்குலத்தில், அதாவது 1,067 மில்லிமீட்டரில் போடப்பட்டது. அகலம் குறைந்தால் வளைவுகள் குறுகலாகலாம், பாலங்கள் சிறிதாகலாம், எஞ்சினும் பெட்டியும் எடை குறையும், ஆகவே முதலீடும் குறையும் என்பது அன்றைய கணக்கு. உலகெங்கும் செல்வம் குறைந்த நாடுகள் இந்தக் கணக்கைப் போட்டுக்கொண்டிருந்த காலம் அது. நார்வே 1862இல் இதே அளவில் பாதை திறந்தது. ஆஸ்திரேலியாவின் குவீன்ஸ்லாந்து, காஞ்சிபுரம் பாதை ஓடத் தொடங்கிய அதே 1865இல் இதையே தேர்ந்தது. 1872இல் டோக்கியோவுக்கும் யோகோஹாமாவுக்கும் இடையே தன் முதல் ரயிலை விட்ட ஜப்பானும் இந்த அளவைத்தான் எடுத்துக்கொண்டது, அந்நாட்டின் பழைய பாதைகளில் பெரும்பகுதி இன்றும் அதே அளவில்தான் இருக்கிறது. ஒரகடத்திலும் வல்லம் வடகாலிலும் இன்று ஜப்பானியக் கம்பெனிகளின் பெயர்ப்பலகைகள் வரிசைகட்டி நிற்பதைப் பார்க்கும் ஒருவர், யோகோஹாமாவுக்கு ஏழாண்டு முன்பே அதே அளவுத் தண்டவாளம் இங்கே காஞ்சிபுரத்துக்கு வந்திருந்தது என்பதை நினைத்துப் பார்க்கலாம்.

ஆனால் மலிவுக்கு ஒரு விலை இருந்தது. அரக்கோணத்தில் அகலப்பாதையும் குறுகிய பாதையும் சந்தித்தபோது ஒன்றன் வண்டி மற்றொன்றின் மீது ஓட வழியில்லை. காஞ்சிபுரத்திலிருந்து வந்த துணிமூட்டையும் தானிய மூட்டையும் இறக்கப்பட்டு, சுமைதூக்குவோர் தோளில் ஏறி, அடுத்த வண்டிக்குள் மறுபடி ஏற்றப்பட்டாக வேண்டும். ரயில்காரர் மொழியில் இதற்குக் கேஜ் முறிவு என்று பெயர். வெறும் 19 மைல் பயணத்துக்கு இந்த ஏற்றுக்கூலியும் தாமதமும் மூட்டைக்கு மூட்டை சேர்ந்தபோது, பாதை அமைப்பதில் மிச்சமானதில் ஒரு பகுதி நாள்தோறும் கரைந்தது. கம்பெனி பின்னர் கர்நாடிக் ரயில்வே எனப் பெயர் மாற்றிக்கொண்டு, 1874இல் திருச்சி, நாகப்பட்டினம் பகுதிகளில் ரயில் நடத்திவந்த கிரேட் சதர்ன் ஆஃப் இந்தியா ரயில்வேயுடன் இணைந்தது. அந்த இணைப்பில் பிறந்ததே தென்னிந்திய ரயில்வே. புதிய கம்பெனி தன் வலையமைப்பு முழுவதற்கும் மீட்டர்கேஜ் என்ற ஒரே அளவை, அதாவது சரியாக ஆயிரம் மில்லிமீட்டர் அகலத்தை, வரித்துக்கொண்டதால் காஞ்சிபுரம் பாதை 1878இல் மறுபடி பெயர்த்துப் போடப்பட்டது. பின்னாளில் அது அகலப்பாதையாகவும் மாறியதைக் கணக்கில் கொண்டால், அரக்கோணம்–காஞ்சிபுரம் பகுதி மூன்று வெவ்வேறு அகலங்களைக் கண்டிருக்கிறது. இந்தியாவில் இப்படியொரு பாதை அரிது.

வாலாஜாபாத்துக்கு ரயில் வந்தது இதன் அடுத்த கட்டத்தில். சென்னையிலிருந்து செங்கல்பட்டு வழியாகத் திண்டிவனம் வரையிலான மீட்டர்கேஜ் பாதை 1876இல் திறக்கப்பட்டிருந்தது. அந்தப் பாதையையும் காஞ்சிபுரத்தையும் பாலாற்றங்கரை ஓரமாக இணைக்கும் நீட்சி 1880களின் தொடக்கத்தில் ஓடத் தொடங்கியபோது பாலூர், பழையசீவரம், வாலாஜாபாத் ஆகிய ஊர்கள் ரயில் ஊர்களாயின. பழையசீவரத்துக்கு எதிர்க்கரையில் பாலாறும் செய்யாறும் வேகவதியும் கூடும் திருமுக்கூடலில், பதினைந்து படுக்கைகள் கொண்ட மருத்துவமனை ஒன்றைப் பற்றி விரிவாகச் சொல்லும் வீரராசேந்திர சோழனின் பதினோராம் நூற்றாண்டுக் கல்வெட்டு இருக்கிறது. அரக்கோணம் பக்கத்திலோ, 949இல் இராசாதித்த சோழன் வீழ்ந்த தக்கோலம் இதே பாதையின் நிலையங்களுள் ஒன்று. காஞ்சிபுரத்தில் இறங்கி கோயில்களை மட்டும் பார்த்துத் திரும்பும் பயணிகள் இவற்றைப் பெரும்பாலும் ஜன்னல் வழியே கடந்துவிடுகிறார்கள்.

முக்கோணத்தின் மூன்று பக்கங்களும் ஒரே சீராக வளரவில்லை என்பதுதான் பின்வந்த நூறாண்டின் கதை. சென்னை கடற்கரையிலிருந்து தாம்பரம் வரை 1931இலேயே மின்சார ரயில் ஓடத் தொடங்கியது; 1965 ஜனவரியில் தாம்பரம்–செங்கல்பட்டுப் பகுதியும் மின்மயமானது. நிலையத்துக்கு நிலையம் நின்று, நகரத்துக்கு வேலைக்கு வந்து மாலையில் வீடு திரும்புவோரை ஏற்றிச்செல்லும் புறநகர் ரயில் என்ற ஏற்பாட்டால் அந்தப் பக்கத்து ஊர்கள் ஒவ்வொன்றாகச் சென்னையின் குடியிருப்புகளாக மாறின. மேற்குப் பக்கமோ நெடுங்காலம் மீட்டர்கேஜ் ஒற்றைப்பாதையாகவே கிடந்தது. 1992இல் இந்திய ரயில்வே நாடு முழுவதும் ஒரே அகலம் என்ற கொள்கையை மேற்கொண்டதன் தொடர்ச்சியாக இப்பாதையும் அகலப்பாதையானது. அதன்பின் மின்கம்பி வந்தது. சென்னை கடற்கரையிலிருந்து செங்கல்பட்டு வழியாகக் காஞ்சிபுரத்துக்கும் திருமால்பூருக்கும் மின்தொடர் வண்டிகள் வரத்தொடங்கின. தனி எஞ்சின் இன்றி, பெட்டிகளின் அடியிலேயே மோட்டார்களைக் கொண்டு, இரு கோடியிலும் ஓட்டுநர் அறை உள்ள இவ்வண்டிகளைச் சென்னைப் பக்கத்து மக்கள் யூனிட் வண்டி என்பார்கள். எந்தப் பக்கமும் திருப்பாமலே ஓட்டலாம் என்பதாலும், நின்ற இடத்திலிருந்து விரைவில் வேகம் எடுக்கும் என்பதாலும், அடிக்கடி நிற்கும் புறநகர்ச் சேவைக்கு இவையே ஏற்றவை.

ஆயினும் தக்கோலத்துக்கும் அரக்கோணத்துக்கும் இடையே ஒரு சிறு துண்டு பல ஆண்டுகள் மின்கம்பியின்றி நின்றது. அரக்கோணத்தில் 1992இல் தொடங்கப்பட்ட கடற்படை விமானதளமான ஐ.என்.எஸ். ராஜாளிக்கு அருகே பாதை சென்றதால், விமானங்கள் தாழ்ந்து பறக்கும் இடத்தில் உயர்ந்த மின்கம்பங்களை நடுவதற்குத் தடை இருந்தது. பாதையின் போக்கையே மாற்றி அமைத்த பிறகுதான் சிக்கல் தீர்ந்தது. 2019இல் சென்னை கடற்கரையிலிருந்து புறப்பட்டுத் தாம்பரம், செங்கல்பட்டு, காஞ்சிபுரம், அரக்கோணம், திருவள்ளூர் வழியாகச் சென்னைக்கே திரும்பும் வட்டப்பாதை ரயில் விடப்பட்டது. அந்த ரயில் முக்கோணத்தின் விளிம்பு முழுவதையும் சுற்றிவருகிறது. தொழிற்சாலைகள் நிறைந்த நடுப்பகுதியை எங்கும் தொடுவதில்லை.

அந்த நடுப்பகுதி சாலையால் வளர்ந்தது. சென்னை–பெங்களூரு தேசிய நெடுஞ்சாலை ஸ்ரீபெரும்புதூர் வழியே செல்வதும், துறைமுகம் ஒரு சில மணி நேரத் தொலைவில் இருப்பதும், ஏரிகளுக்கு இடையே மேட்டுநிலம் கிடைத்ததும், 1971இல் உருவாக்கப்பட்ட மாநிலத் தொழில் முன்னேற்றக் கழகமான சிப்காட் நிலத்தைக் கையகப்படுத்தித் தந்ததும் சேர்ந்து கம்பெனிகளை ஈர்த்தன. இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் 1998இல் கார் உற்பத்தியைத் தொடங்கியது. ஸ்ரீபெரும்புதூரில் நோக்கியா 2006இல் வந்து 2014இல் கதவடைத்தது. ஒரகடத்தில் ரெனோ–நிசான் ஆலை 2010இலும், டெய்ம்லரின் லாரி ஆலை 2012இலும், ராயல் என்ஃபீல்டு ஆலை 2013இலும் திறக்கப்பட்டன. சிங்கப்பெருமாள்கோயில்–ஸ்ரீபெரும்புதூர் சாலையும் வண்டலூர்–வாலாஜாபாத் சாலையும் ஒரகடத்தில் ஒன்றையொன்று வெட்டிச்செல்லும் ஆறுவழிச் சாலைகளாயின. இத்தனை திட்டமிடலிலும் ரயில் ஒரு பொருட்டாக இடம்பெறவில்லை. கம்பெனிகள் வந்து பத்தாண்டுகளுக்கு மேல் கழிந்த பிறகே அந்தப் பேச்சு எழுந்தது என்பது வியப்புக்குரியது.

பயணிகளுக்கு வராத ரயில், கார்களுக்கு வந்தது. ஆலையிலிருந்து வெளிவரும் கார்களை வட இந்தியச் சந்தைக்கு அனுப்ப நெடுங்காலம் டிரெய்லர் லாரிகளே பயன்பட்டன. ஒரு பெரிய டிரெய்லரில் சுமார் எட்டுக் கார்கள் ஏறும். இரண்டாயிரம் கிலோமீட்டருக்கு அப்பால் போகும் சரக்குக்கு ரயிலே மலிவு என்ற கணக்கு வலுத்தபோது, வாலாஜாபாத் நிலையத்தின் சரக்குமுற்றம் கார் ஏற்றும் மையமாக மாறியது. 2010இல் ரயில்வே, கார் ஏற்றும் சிறப்பு வண்டிகளைத் தனியார் நிறுவனங்களே வாங்கி இயக்கலாம் என்ற திட்டத்தையும் அறிவித்தது. நாட்டளவில் கார் போக்குவரத்தில் ரயிலின் பங்கு 2013–14இல் 1.5 சதவீதமாக இருந்தது, 2021–22இல் 16 சதவீத அளவுக்கு உயர்ந்ததாக ரயில்வே அமைச்சகத்தின் கணக்கு காட்டுகிறது. 2020ஐ ஒட்டிய காலத்தில் ஹூண்டாய் நேபாளத்துக்கு ஏற்றுமதி செய்த 125 கார்கள், 25 பெட்டிகள் கொண்ட ஒரே வண்டியில் வாலாஜாபாத்திலிருந்து உத்தரப் பிரதேசத்தின் எல்லை நிலையமான நௌதன்வா வரை சென்றன. லாரியில் அனுப்பியிருந்தால் அதற்குப் பதினாறு டிரெய்லர்களாவது வேண்டியிருக்கும்.

கார்களைச் சுமக்கும் அந்தப் பெட்டிகளைச் சற்று அருகில் சென்று பார்ப்பது தகும். ரயில்வே என்.எம்.ஜி. என்று சுருக்கமாகக் குறிப்பிடும் அவை புதிதாகச் செய்யப்பட்டவை அல்ல. பயணிகள் பெட்டியாகத் தம் வேலைக்காலத்தின் பெரும்பகுதியைக் கழித்து, மூப்படைந்த பிறகு மாற்றியமைக்கப்பட்டவை. இவற்றுள் கணிசமானவை 1955 முதல் இயங்கும் பெரம்பூர் பெட்டித் தொழிற்சாலையின் வடிவமைப்பில் உருவானவை. உள்ளே இருந்த இருக்கைகள், படுக்கைகள், மின்விசிறிகள் எல்லாம் கழற்றப்பட்டு, ஜன்னல் இருந்த இடங்கள் இரும்புத் தகட்டால் அடைக்கப்பட்டு, பெட்டியின் இரு கோடியிலும் முழு அகலத்துக்குத் திறக்கும் கதவுகள் பொருத்தப்பட்டிருக்கும். ஜன்னல் சட்டத்தின் விளிம்பு பல பெட்டிகளில் தகட்டுக்கு அடியில் இன்னும் தெரியும். ஏற்றும்போது, வண்டியின் கடைசிப் பெட்டிக்குப் பின்னால் சாய்தளம் ஒன்று நிறுத்தப்படும். பெட்டிக்கும் பெட்டிக்கும் இடையே உள்ள வெளியை இரும்புப் பலகைகள் பாலம்போல் மூடும். முதல் கார் சாய்தளத்தில் ஏறி, காலியாக இருக்கும் பெட்டிகள் ஒவ்வொன்றின் வழியேயும் மெல்ல ஊர்ந்து, வண்டியின் முன்கோடி வரை சென்று நிற்கும். அதன் பின்னால் இரண்டாவது, மூன்றாவது என்று பெட்டிக்கு ஐந்தாகக் கார்கள் நிரம்பும். பெட்டியின் சுவருக்கும் காருக்கும் இடையே ஓர் ஆள் ஒருக்களித்து நடக்கும் அளவே இடம் இருப்பதால், கீறல் படாமல் ஓட்டத் தனிப் பழக்கம் வேண்டும். நின்ற காரின் சக்கரங்களுக்கு முட்டுக் கொடுத்து, பட்டையால் தரையோடு இழுத்துக் கட்டுவார்கள். அண்மைக்காலத்தில் இரு அடுக்காகக் கார்களை ஏற்றும் புதுவகைப் பெட்டிகளும் வந்துவிட்டன. அவற்றால் ஆன ஒரு வண்டி முந்நூறுக்கும் மேற்பட்ட சிறிய கார்களை ஏற்றிச்செல்லும்.

ஒருகாலத்தில் மனிதரைச் சுமந்த பெட்டிகள் இப்போது கார்களைச் சுமந்து இந்த நிலையத்தை விட்டுப் புறப்படுகின்றன; அந்தக் கார்களைச் செய்பவர்களோ கம்பெனி பஸ்ஸில் வேலைக்குப் போகிறார்கள். காஞ்சிபுரம், செய்யாறு, அரக்கோணம், திருவள்ளூர், செங்கல்பட்டு வட்டாரங்களின் ஊர்களிலிருந்து ஷிஃப்டுக்கு ஷிஃப்ட் ஆட்களை அள்ளிவரும் இந்த வாடகைப் பேருந்துகள் முக்கோணத்தின் பொதுப் போக்குவரத்தாகவே மாறிவிட்டன. விடிவதற்கு முன் தொடங்கும் ஷிஃப்டுக்கு, ஊரெல்லாம் சுற்றி ஆள் ஏற்றும் பேருந்து நள்ளிரவு தாண்டியதுமே கிளம்பியாக வேண்டும். நாள்தோறும் வந்துபோவது இயலாதவர்களுக்கு விடுதியே வழி. கைபேசி ஆலைகளில் வேலை செய்யும் பெண்களுக்காக வல்லம் வடகாலில் சிப்காட் கட்டிய, 18,720 பேர் தங்கக்கூடிய குடியிருப்பு 2024 ஆகஸ்டில் திறக்கப்பட்டது. வரவேற்கத்தக்க ஏற்பாடுதான், ஆயினும் இவ்வளவு பெரிய விடுதி தேவைப்பட்டதற்கு, வீட்டிலிருந்தே வேலைக்கு வந்துபோக வசதியான ரயில் இல்லாததும் ஒரு காரணம் என்று கொள்வதில் தவறில்லை.

வாலாஜாபாத் நிலையத்தில் நின்றுசெல்லும் ரயில்கள் இந்த வேலையைச் செய்ய முடியாதா என்ற கேள்விக்கு விடை அதன் தண்டவாளங்களிலேயே இருக்கிறது. தாம்பரம் பக்கத்தில் சில நிமிடங்களுக்கு ஒரு வண்டி வருகிறது. இங்கே ஒரு நாளைக்கு விரல்விட்டு எண்ணக்கூடிய வண்டிகளே. செங்கல்பட்டு–அரக்கோணம் ஒற்றைப்பாதை, ஒரு நிலையத்துக்கும் அடுத்த நிலையத்துக்கும் இடையே ஒரு நேரத்தில் ஒரு வண்டிதான் இருக்கலாம். எதிர்வண்டி வரும்போது ஒன்று பக்கவாட்டுத் தண்டவாளமான லூப் லைனில் ஒதுங்கி, மற்றொன்று கடந்த பிறகே புறப்பட வேண்டும்; இதைத்தான் பயணிகள் கிராசிங் போட்டிருக்கிறான் என்று சலிப்போடு சொல்கிறார்கள். சென்னைப் பக்கம் போகாமல் தெற்கிலிருந்து வடக்கே செல்லும் நெடுந்தூர வண்டிகளும் சரக்கு வண்டிகளும், புதுச்சேரி–திருப்பதி போன்ற வண்டிகளும் இதே ஒற்றைப்பாதையைப் பகிர்ந்துகொள்கின்றன. மேலும், காஞ்சிபுரத்திலிருந்து சென்னைக்குச் சாலையில் எழுபத்தைந்து கிலோமீட்டர் அளவே இருக்க, ரயில் தெற்கே இறங்கிச் செங்கல்பட்டைத் தொட்டுச் சுற்றிக்கொண்டு போகிறது. மாதத்துக்கோ மூன்று மாதத்துக்கோ ஒருமுறை பணம் கட்டினால் போதுமான சீசன் டிக்கெட்டின் மலிவுதான், நேரம் கூடுதலானாலும், அலுவலகம் போவோரையும் கல்லூரி மாணவரையும் சிறு வியாபாரிகளையும் இன்னும் இந்தப் பாதையில் நிறுத்தி வைத்திருக்கிறது.

முக்கோணத்தின் நடுவே பாதை போடும் எண்ணம் இல்லாமல் இல்லை. ஆவடியிலிருந்து ஸ்ரீபெரும்புதூர் வழியாகக் கூடுவாஞ்சேரி வரை, இருங்காட்டுக்கோட்டைக்கு ஒரு கிளையோடு, ஏறத்தாழ 60 கிலோமீட்டர் நீளப் புதிய பாதை 2013–14 ரயில்வே பட்ஜெட்டில் சேர்க்கப்பட்டது. நில எடுப்பு, செலவு, யார் எவ்வளவு பங்கு தருவது என்ற கேள்விகளில் அது ஆண்டுக்கணக்கில் நகராமல் கிடந்தது. இதற்கிடையே பரந்தூரில் புதிய விமான நிலையம் 2022இல் அறிவிக்கப்பட்டதும், பூந்தமல்லியிலிருந்து ஸ்ரீபெரும்புதூர் வழியாக அங்கே மெட்ரோ நீட்டும் திட்டமும் பேசப்படலாயிற்று. மெட்ரோ, நகரத்துக்குள் குறுகிய தூரம் போவோருக்கானது. சரக்கும் பயணியும் ஒரே தண்டவாளத்தில் செல்ல உதவும் அகலப்பாதைக்கு அது மாற்றாகாது. ஆவடி–கூடுவாஞ்சேரிப் பாதை கட்டப்பட்டால், முக்கோணத்தின் வடக்குப் பக்கமும் தென்கிழக்குப் பக்கமும் தொழிற்சாலைகளுக்கு நடுவே கைகோக்கும். மேற்குப் பக்கத்துக்கு அத்திட்டத்தில் இணைப்பு எதுவும் இல்லை. வாலாஜாபாத்தில் ரயிலிலிருந்து இறங்கும் தொழிலாளி ஒரகடம் போக, அப்போதும் பேருந்தைத்தான் பிடிக்க வேண்டியிருக்கும்.